பயணத்தில் பாஸ்தா பயிலுதல்: பொலோனியாவில் ஒரு கைப்பயிற்சி வகுப்பு

இத்தாலியப் பயணத்தில் அரை நாளை ஒதுக்கிக் கையால் பாஸ்தா செய்யக் கற்றுக்கொள்ள விரும்பும் பயணிக்கு, வகுப்பைத் தேர்ந்தெடுப்பதில் தொடங்கி, கற்றதை ஊர் திரும்பியபின் சொந்த அடுக்களையில் செய்து பழகுவது வரையிலான படிகளை இந்த அத்தியாயம் வரிசையாக விளக்குகிறது. வட இத்தாலியின் எமிலியா-ரொமாஞா மாநிலத் தலைநகரான பொலோனியா இங்கே எடுத்துக்காட்டாகக் கொள்ளப்பட்டுள்ளது. கோதுமை மாவையும் முட்டையையும் மட்டுமே பிசைந்து, நீண்ட உருட்டுக்கட்டையால் மெல்லிய விரிப்பாகத் தேய்க்கப்படும் ‘ஸ்ஃபோலியா’ அந்நகரத்தின் அடிப்படைக் கைத்தொழிலாக இன்றும் நிலைத்திருப்பதும், அதைத் தேய்க்கும் ‘ஸ்ஃபோலீனா’ எனப்படும் பெண்கள் சில கடைகளில் கண்ணாடிச் சன்னலுக்குப் பின்னால் வேலை செய்வதைத் தெருவில் நின்றே பார்க்க முடிவதும் இத்தேர்வுக்குக் காரணங்கள்.

அரை நாள் வகுப்பில் ஒரு நுட்பத்தை மட்டும் கைக்குப் பழக்கிக்கொள்வதே பயனுள்ளது. பாஸ்தா, குழம்பு, இனிப்பு என்று நான்கைந்து பதார்த்தங்களை மூன்று மணி நேரத்தில் கற்பிப்பதாகச் சொல்லும் வகுப்பில் மாவு முன்கூட்டியே பிசைந்து வைக்கப்பட்டிருக்கும். குழம்பு ஏற்கனவே அடுப்பில் கொதித்துக்கொண்டிருக்கும். பயணி செய்வதெல்லாம் கடைசி ஐந்து நிமிட வேலையாகவே இருக்கும். குழம்பின் செய்முறையை நூலிலிருந்தும் கற்கலாம். மாவு எப்போது போதுமான அளவு பிசையப்பட்டுள்ளது என்பதையோ, விரிப்பு எந்த இடத்தில் தடித்திருக்கிறது என்பதையோ அருகில் ஒருவர் நின்று கையைப் பிடித்துக் காட்டாமல் கற்பது கடினம். ஆகவே அந்த அரை நாள் முழுவதும் பலகையின் முன் நின்று செலவாக வேண்டும்.

எந்த ஊர், எந்த வகை வகுப்பு

இத்தாலியப் பாஸ்தாவை இரண்டு பெரும் பிரிவுகளாகக் கொள்ளலாம். வடக்கே, குறிப்பாக எமிலியா-ரொமாஞாவில், மென்கோதுமையை நுண்ணியதாக அரைத்த ‘00’ வகை மாவு முட்டையோடு பிசையப்படுகிறது. தெற்கே வன்கோதுமை எனப்படும் துரும் கோதுமையின் மாவு வெறும் தண்ணீரோடு பிசையப்படுகிறது. முட்டை உண்ணாத பயணிக்குப் பொலோனியா பொருத்தமான ஊர் அன்று. அவர் தென்கிழக்கே புலியா மாநிலத்திலுள்ள பாரி நகருக்குச் சென்று, சிறு காது போன்ற வடிவமுடைய ‘ஒரெக்கியெத்தே’ பாஸ்தாவைக் கற்பதோ, நேப்பிள்ஸில் மாவு, தண்ணீர், உப்பு, ஈஸ்ட் ஆகியவை மட்டுமே சேரும் பீட்சா மாவைக் கற்பதோ நல்லது. பாரியின் பழைய நகரப் பகுதியில் வீட்டு வாசலில் பலகை போட்டு ஒரெக்கியெத்தே செய்யும் பெண்களை இன்றும் காணலாம்.

பொலோனியாவிலும் அதன் சுற்றுப்புறத்திலும் கிடைக்கும் வகுப்புகள் பெரும்பாலும் மூன்று வகைப்படும். முதலாவது, தொழில்முறை ஸ்ஃபோலீனாக்களைப் பயிற்றுவிக்கும் பள்ளிகள் பயணிகளுக்காகத் தனியே நடத்தும் ஒருநாள் வகுப்பு. நுட்பம் கற்க இதுவே சிறந்தது. இரண்டாவது, குடும்பத்தினர் தம் வீட்டிலேயே கற்பித்து உடன் அமர்ந்து உண்ணும் வகுப்பு. 2004இல் பொலோனியாவில் தொடங்கி நாடெங்கும் பரவிய ‘லே செஸரினே’ வீட்டுச் சமையலாளர் அமைப்பு இவ்வகைக்குப் பெயர்பெற்றது. வீட்டு மேசையின் உரையாடலும் பழக்கவழக்கங்களும் இங்கே கிடைக்கும். கற்பித்தலின் ஒழுங்கு வீட்டுக்கு வீடு வேறுபடும். மூன்றாவது, சந்தைச் சுற்றோடு இணைந்த வகுப்பு. பொலோனியாவின் மையத்தில் ‘குவாத்ரிலாத்தெரோ’ எனப்படும் பழைய கடைத்தெருக்களில் பாலாடைக்கட்டி, மீன், காய்கறிக் கடைகளைக் காட்டிவிட்டுச் சமையலறைக்கு அழைத்துச் செல்வார்கள். இது இனிய அனுபவம்தான் என்றாலும், நடக்கும் நேரம் பிசையும் நேரத்திலிருந்தே கழிகிறது.

ஒரு நாள் கூடுதலாக இருப்பவர் ஃபொர்லிம்போபொலி என்ற சிற்றூரையும் கருதலாம். இத்தாலிய வீட்டுச் சமையலை ஒரே நூலில் தொகுத்து 1891இல் வெளியிட்ட பெல்லெக்ரீனோ அர்த்தூசி பிறந்த ஊர் அது. அங்கே 2007இல் திறக்கப்பட்ட ‘காசா அர்த்தூசி’ நிலையத்தில் நூலகத்தோடு சமையல் பள்ளியும் இயங்குகிறது. அர்த்தூசியின் வீட்டில் சமைத்த மரியெத்தா சபத்தீனியின் பெயரைத் தாங்கிய ‘மரியெத்தே’ என்ற தன்னார்வலர் குழுவினர் அந்நிலையத்தில் கையால் பாஸ்தா தேய்க்கக் கற்பிக்கின்றனர்.

பதிவு செய்யும் முன் கேட்க வேண்டியவை

விளம்பரப் படங்களில் எல்லா வகுப்பும் ஒன்றுபோலவே தோன்றும். பணம் செலுத்தும் முன் கீழ்க்கண்டவற்றை எழுத்தில் கேட்டு, எழுத்திலேயே பதில் பெற வேண்டும்.

1. ஒவ்வொருவருக்கும் தனிப் பலகையும் தனி உருட்டுக்கட்டையும் உண்டா? இருவருக்கு ஒன்று என்றால் கற்கும் நேரம் பாதியாகிவிடும். நால்வருக்கு ஒன்று என்றால் அது கைப்பயிற்சி வகுப்பு அன்று, செயல்விளக்க வகுப்பு.
2. மாவை அவரவரே தொடக்கத்திலிருந்து பிசைவார்களா, அல்லது பிசைந்த உருண்டை தரப்படுமா?
3. தேய்ப்பது கட்டையாலா, இயந்திரத்தாலா? இயந்திரத்தில் தகடு போடுவதைத் தனியே கற்கப் பயணம் தேவையில்லை.
4. ஓர் ஆசிரியருக்கு எத்தனை பேர்? எட்டுப் பேருக்கு மேற்பட்டால் ஆசிரியர் ஒவ்வொருவரின் கையையும் பார்த்துத் திருத்த நேரமிராது.
5. எந்த மொழியில் கற்பிக்கப்படும்? மொழிபெயர்ப்பாளர் உடன் இருப்பாரா?
6. செய்ததை அங்கேயே உண்பதா, பொதிந்து தருவார்களா? மது கட்டணத்தில் அடங்குமா, வேண்டாமென்றால் மாற்றுப் பானம் உண்டா?
7. ரத்து செய்தால் எத்தனை நாளுக்கு முன் முழுப்பணம் திரும்பும்?

முதல் மூன்று வினாக்களுக்கும் தெளிவான பதில் வராத வகுப்பை விட்டுவிடுவதே நல்லது.

குறிப்பு: ஆகஸ்டு 15 இத்தாலியின் கோடை விடுமுறைத் திருநாள். அதையொட்டிய வாரங்களில் பல கடைகளும் சிறு பள்ளிகளும் மூடியிருக்கும். விமானம் வந்திறங்கும் நாளிலேயே வகுப்பை வைத்துக்கொள்ளவும் கூடாது. தூக்கம் கெட்ட உடம்போடு கத்தியும் கொதிநீரும் உள்ள இடத்தில் நிற்பது பாதுகாப்பன்று. பொலோனியாவுக்கு ஃபிளாரன்ஸிலிருந்து விரைவு ரயிலில் சுமார் 40 நிமிடமும் மிலானிலிருந்து சுமார் ஒரு மணி நேரமும் ஆகும் என்பதால், அந்நகரங்களில் தங்கியிருப்பவரும் காலையில் வந்து மாலையில் திரும்பலாம்.

உணவுக் கட்டுப்பாடு உள்ளவர்கள்

தமிழ்ப் பயணிகளில் பலருக்கு இப்பகுதியே மிக முக்கியமானது; வகுப்புக்கு வந்தபின் சொல்லிக்கொள்ளலாம் என்று விடுவது பரவலாகக் காணப்படும் தவறு. பொலோனியாவின் சமையல் பன்றி இறைச்சியைப் பெரிதும் சார்ந்தது. ‘ராகூ’ எனப்படும் இறைச்சிக் குழம்பில் மாட்டிறைச்சியோடு பன்றியின் வயிற்றுக் கொழுப்பும் மதுவும் சேரும். ‘தொர்தெல்லீனி’ என்ற சிறு பொதிவுப் பாஸ்தாவின் உள்ளீடு பன்றியின் இடுப்புப் பகுதி இறைச்சி, உப்பிட்டு உலர்த்திய பன்றித் தொடை, மொர்த்தாதெல்லா என்ற இறைச்சிப் பதார்த்தம், பாலாடைக்கட்டி, முட்டை, ஜாதிக்காய் ஆகியவற்றால் ஆனது. அதை வேகவைத்துப் பரிமாறுவதும் இறைச்சிச் சாற்றில்தான். இறைச்சி கண்ணுக்குத் தெரியாத பண்டங்களிலும் கவனம் வேண்டும்: அப்பகுதியின் வட்ட ரொட்டிகளிலும் பொரித்த மாவுப் பண்டங்களிலும் பன்றிக் கொழுப்புச் சேர்ப்பது மரபு, ‘பன்ன கொத்தா’ என்ற பாலேட்டு இனிப்பில் ஜெலட்டின் இருக்கும், ‘தீராமிசூ’வில் முட்டை பெரும்பாலும் பச்சையாகவே சேர்க்கப்படும்.

கண்டிப்பான சைவ உணவாளர் கருத வேண்டிய இன்னொன்று பாலாடைக்கட்டி. பார்மிஜானோ ரெஜ்ஜானோ பாலாடைக்கட்டியில் பாலை உறைய வைப்பதற்குக் கன்றின் இரைப்பையிலிருந்து எடுக்கப்படும் ரென்னட் என்ற நொதிப்பொருளே பயன்படுத்தப்பட வேண்டும் என்பது அதன் தயாரிப்பு விதி. பாலாடைக்கட்டி வடித்த நீரைக் காய்ச்சி எடுக்கும் ‘ரிக்கோத்தா’விலும் இந்த வினா எழும். இத்தாலியில் ஒருவர் தம்மைச் சைவர் என்று சொன்னால், பாலாடைக்கட்டி அவருக்கு ஏற்புடையது என்றே சமையலாளர் எடுத்துக்கொள்வார். விலக்க வேண்டியதைப் பெயர் சொல்லி விலக்க வேண்டும்.

பதிவின்போதே எழுதி அனுப்பவும், வகுப்பில் மீண்டும் சொல்லவும் சில இத்தாலியத் தொடர்கள் போதும்: ‘சென்ஸா கார்னே’ என்றால் இறைச்சி இல்லாமல், ‘சென்ஸா பெஷே’ என்றால் மீன் இல்லாமல், ‘சென்ஸா உவோவா’ என்றால் முட்டை இல்லாமல், ‘சென்ஸா ஆல்கோல்’ என்றால் மது இல்லாமல். முட்டையும் பாலும் உண்ணும் சைவருக்குப் பொலோனியாவிலேயே அருமையான வழி ஒன்று உண்டு: ரிக்கோத்தாவும் கீரையும் அல்லது பார்ஸ்லி இலையும் பொதிந்த ‘தொர்தெல்லோனி’யை, சேஜ் இலை போட்டு உருக்கிய வெண்ணெயில் புரட்டிப் பரிமாறுவார்கள். வகுப்பில் இதையே செய்ய வேண்டும் என்று முன்கூட்டிக் கேட்டால் பெரும்பாலான ஆசிரியர்கள் இசைவார்கள்.

எச்சரிக்கை: கோதுமையின் குளூட்டென் புரதம் ஒவ்வாத சீலியாக் நோயாளி இவ்வகுப்புகளைத் தவிர்க்க வேண்டும். தனி மாவு தருவதாகச் சொன்னாலும், அறையின் காற்றிலும் மரப்பலகையின் இழைகளிலும் கோதுமை மாவு இருக்கும். முட்டை ஒவ்வாமைக்கும் கொட்டைப்பருப்பு ஒவ்வாமைக்கும் உரிய அவசர மருந்தைக் கைப்பையிலேயே வைத்திருக்க வேண்டும். ஐரோப்பிய ஒன்றியத்திற்கு வெளியிலிருந்து வரும் பயணி இறைச்சியையோ பால் பொருள்களையோ கொண்டுவர அனுமதியில்லை என்பதால், வீட்டிலிருந்து நெய்யும் பனீரும் எடுத்து வந்து சமாளிக்கலாம் என்று எண்ணக் கூடாது.

வகுப்புக்குச் செல்லும் முன்

நகங்களை ஒட்ட வெட்டி, மோதிரம், வளையல், கைக்கடிகாரம் ஆகியவற்றை அறையிலேயே கழற்றி வைத்துவிட வேண்டும். ஈர மாவு மோதிரத்தின் இடுக்கில் புகுந்தால் எடுப்பது பெரும்பாடு. கைப்பகுதி குறுகிய பருத்தி உடையும், முன்புறம் மூடிய, வழுக்காத காலணியும் ஏற்றவை. துப்பட்டாவையும் தளர்ந்த முந்தானையையும் இறுகச் செருகிக்கொள்ள வேண்டும். செய்ததை உண்ண வேண்டியிருப்பதால் காலை உணவு இலேசாக இருப்பது நல்லது.

ஸ்ஃபோலியா: படிப்படியாக

அளவு எளிது: ஒருவருக்கு 100 கிராம் மாவு, ஒரு முட்டை. முதல்முறை கற்பவர் இரண்டு முட்டை அளவோடு நிறுத்திக்கொள்ள வேண்டும். விரிப்பு அதைவிடப் பெரிதானால் கட்டைக்கு அடங்காது. கருவிகள் மூன்றுதான்: மெருகேற்றாத மரப்பலகை, ‘மத்தரெல்லோ’ எனப்படும் 80 முதல் 100 சென்டிமீட்டர் வரை நீண்ட, கைப்பிடி இல்லாத உருட்டுக்கட்டை, பலகையில் ஒட்டிய மாவை வழிக்கும் சுரண்டி. பலகை மரத்தாலானது என்பது அலங்காரத்துக்காக அன்று. மரத்தின் சொரசொரப்பு விரிப்பின் மேலும் பதிந்து, பின்னர் குழம்பைப் பிடித்து நிறுத்துகிறது. பளிங்கின் மேலும் எஃகின் மேலும் தேய்த்தது வழுவழுப்பாகி, குழம்பைத் தட்டிலேயே விட்டுவிடும்.

1. பலகையின் நடுவில் மாவைக் குவித்து, குழி அகலமாகவும் கரை உயரமாகவும் இருக்கும்படி நடுவில் பள்ளம் செய்ய வேண்டும். குழி குறுகலாக இருந்தால் முட்டை கரையுடைத்துப் பலகையில் ஓடும். புதியவர்களுக்கு நேரும் முதல் விபத்து இதுவே.
2. முட்டைகளைத் தனிக் கிண்ணத்தில் உடைத்துப் பார்த்தபின் குழியில் ஊற்ற வேண்டும். பொலோனியாவின் மரபில் மாவில் உப்போ எண்ணெயோ சேர்ப்பதில்லை.
3. முள்கரண்டியால் முட்டையைக் கலக்கியபடி, உள்கரையிலிருந்து மாவைச் சிறிது சிறிதாக இழுத்துச் சேர்க்க வேண்டும். கலவை கூழ்ப்பதம் அடைந்தபின் கரண்டியை வைத்துவிட்டுச் சுரண்டியால் வெளி மாவை உள்ளே மடித்துக் கைக்கு மாற வேண்டும்.
4. உள்ளங்கையின் அடிப்பகுதியால் மாவை முன்னோக்கித் தள்ளி, மடித்து, கால் வட்டம் திருப்பி, மீண்டும் தள்ள வேண்டும். இதற்கு 10 முதல் 15 நிமிடம் ஆகும். தொடக்கத்தில் மாவு வறண்டு பிளவுபட்டதாகத் தோன்றும். அப்போது தண்ணீர் தெளிக்கும் ஆசையை அடக்க வேண்டும். பிசையப் பிசைய ஈரம் பரவி, மாவு தானே இணங்கி வரும்.
5. மேற்பரப்பு வழுவழுப்பாகி, விரலால் அழுத்திய குழி மெல்ல மேலெழுந்தால் மாவு ஆயத்தம். அதைக் காற்றுப்படாமல் மூடி, அறை வெப்பத்தில் 30 நிமிடம் வைக்க வேண்டும். இடையறாத பிசைவால் இறுகிய குளூட்டென் இழைகள் இந்த ஓய்வில் தளர்கின்றன; ஓய்வு தராத மாவைத் தேய்த்தால் ரப்பரைப் போல் மீண்டும் சுருங்கும்.
6. உருண்டையை உள்ளங்கையால் தட்டி வட்டமாக்கி, நடுவிலிருந்து வெளிப்புறமாகக் கட்டையால் தேய்த்து, ஒவ்வொரு முறையும் கால் வட்டம் திருப்ப வேண்டும். விளிம்பைத் தாண்டிக் கட்டையை ஓட்டினால் ஓரம் நசுங்கி மெலிந்து பலகையில் ஒட்டும்.
7. வட்டம் சுமார் இரு சாண் அகலம் அடைந்தபின் முறை மாறுகிறது. எதிர்விளிம்பைக் கட்டையின் மேல் போட்டு, பாதி விரிப்பைக் கட்டையில் சுற்றி, முன்னும் பின்னும் குறுகிய அசைவுகளாக உருட்டும்போதே இரு கைகளையும் நடுவிலிருந்து இருபுறமும் நகர்த்த வேண்டும். கட்டையில் சுற்றிய விரிப்பு அந்நகர்வால் பக்கவாட்டில் நீள்கிறது. பிறகு பிரித்து, கால் வட்டம் திருப்பி, அதையே தொடர வேண்டும்.
8. விரிப்பின் ஒரு பகுதி பலகையின் முன்விளிம்பில் தொங்கினால் நல்லது. அதன் எடையே விரிப்பை இழுத்துப் பிடிக்கும். எல்லா இடத்திலும் 1 மில்லிமீட்டருக்கும் குறைவான கனம் வந்ததும் நிறுத்தலாம். நகரை அடுத்த குன்றின் மேலுள்ள சான் லூக்கா தேவாலயம் விரிப்பின் ஊடாகத் தெரிய வேண்டும் என்பது பொலோனியாவின் வழக்குச் சொல். சன்னல் வெளிச்சத்துக்கு எதிரே தூக்கிப் பிடித்தால் கனம் கூடிய இடங்கள் நிழலாகத் தெரிந்துவிடும்.

ஏழாம் படியில்தான் தமிழ்க் கைகள் பெரும்பாலும் தடுமாறும். சப்பாத்தி தேய்த்துப் பழகியவர் கட்டையின் மேல் எடையை இறக்கி அழுத்துவார். அந்த அழுத்தம் நடுவைக் கிழித்து, ஓரத்தைத் தடிப்பாக விட்டுவிடும். மத்தரெல்லோவில் வேலை செய்வது அழுத்தம் அன்று, கைகள் பக்கவாட்டில் நகரும் இழுப்பே. ஆசிரியர் தேய்க்கும்போது கட்டையைப் பார்க்காமல் அவருடைய மணிக்கட்டையும் விரல்களையும் பார்க்க வேண்டும். விரல்கள் கட்டையை இறுகப் பற்றாமல் அதன் மேல் படிந்து நகர்வது தெரியும். சப்பாத்திக்கு வழக்கமாகத் தூவும் அளவுக்கு மாவு தூவுவதும் தவறு. வறண்ட விரிப்பு வழுக்கிக்கொண்டே இருக்கும், நீளாது.

குறிப்பு: சிறிய கிழிசலைக் கண்டதும் எல்லாவற்றையும் உருட்டி மீண்டும் தொடங்கக் கூடாது. ஓரத்திலிருந்து சிறு துண்டெடுத்து, ஈர விரலால் தடவிய இடத்தில் ஒட்டி, ஒருமுறை கட்டையை ஓட்டினால் போதும். ஆசிரியரிடம் ஒருமுறை கண்ணை மூடிக்கொண்டு விரிப்பைத் தடவிப் பார்க்க அனுமதி கேட்பதும் நல்ல பயிற்சி. கனத்தின் வேறுபாட்டை விரல் கண்ணைவிட விரைவாக அறியும்.

வெட்டுதல்

நாடா வடிவப் பாஸ்தாவான ‘தாலியாத்தெல்லே’யின் அகலத்துக்குப் பொலோனியாவில் பதிவுபெற்ற அளவே உண்டு. இத்தாலிய சமையல் கழகம் 1972 ஏப்ரல் 16இல் நகர வணிக மன்றத்தில் பதிவு செய்த அந்த அளவு, வெந்தபின் 8 மில்லிமீட்டர். அது நகரின் ஆசினெல்லி கோபுர உயரத்தில் 12,270இல் ஒரு பங்கு என்றும் அந்த ஆவணம் குறிக்கிறது. வேகும்போது விரிவதால் பச்சையாக வெட்டும் அகலம் சுமார் 7 மில்லிமீட்டர் இருந்தால் போதும்.

தேய்த்த விரிப்பை மேற்பரப்பின் பிசுபிசுப்பு நீங்கும் வரை மட்டும் உலர விட வேண்டும். ஈரமாகச் சுருட்டினால் மடிப்புகள் ஒட்டும். மிகவும் உலர்ந்தால் மடிக்கும்போது முறியும். தொட்டால் மெல்லிய தோலைத் தொட்டது போல் வளைந்துகொடுக்கும் நிலையே பதம். பிறகு விரிப்பைத் தளர்வாகச் சுருட்டி, அகன்ற கத்தியால் மேலிருந்து நேராகக் கீழே அழுத்தி வெட்ட வேண்டும். ரம்பம் போல் இழுத்தால் விளிம்புகள் நசுங்கி ஒட்டிக்கொள்ளும். வெட்டிய உடனே கத்தியின் முதுகால் சுருள்களைத் தூக்கி உதறி, சிறு கூடுகளாகச் சுற்றி வைக்கலாம்.

பொதிவுப் பாஸ்தாவுக்கு இதற்கு நேர்மாறான விதி பொருந்தும்: விரிப்பு சற்றும் உலரக் கூடாது. தொர்தெல்லோனிக்கு விரிப்பில் ஒரு பகுதியை மட்டும் 6 அல்லது 7 சென்டிமீட்டர் சதுரங்களாக வெட்டி, எஞ்சியதை ஈரத்துணியால் மூடி வைத்து, நடுவில் உள்ளீட்டை வைத்து, முக்கோணமாக மடித்து, காற்றை வெளித்தள்ளி விளிம்பை அழுத்தி, இரு முனைகளை விரலைச் சுற்றி இணைக்க வேண்டும். உள்ளே காற்று தங்கினால் கொதிநீரில் வெடித்துவிடும். ரிக்கோத்தாவை முன்கூட்டியே நன்கு வடித்திருக்க வேண்டும். நீர்த்த உள்ளீடு கால் மணி நேரத்தில் அடிப்பகுதியைக் கரைத்துவிடும்.

வேகவைத்தல்

100 கிராம் பாஸ்தாவுக்கு 1 லிட்டர் தண்ணீர், லிட்டருக்குச் சுமார் 10 கிராம் உப்பு என்பது பொது அளவு. தண்ணீர் தளதளவென்று கொதித்தபின் உப்பைப் போட்டு, பாஸ்தாவைச் சேர்க்க வேண்டும். புதிய தாலியாத்தெல்லே 2 அல்லது 3 நிமிடத்தில் வெந்துவிடுவதால், குழம்பு அதற்கு முன்பே அகன்ற வாணலியில் ஆயத்தமாகக் காத்திருக்க வேண்டும். வடித்த பாஸ்தாவை நேராக அதில் போட்டு, வெந்த நீரில் அரைக் கரண்டி ஊற்றிப் புரட்டினால், அந்நீரிலுள்ள மாவுச்சத்து குழம்பைப் பாஸ்தாவோடு பிணைக்கிறது. நம் வீடுகளில் நூடுல்ஸுக்குச் செய்வதுபோல் கொதிநீரில் எண்ணெய் விடுவதையும், வடித்தபின் குளிர்ந்த நீரில் அலசுவதையும் இங்கே அறவே விட்டுவிட வேண்டும். இரண்டுமே குழம்பு ஒட்டாமல் செய்துவிடும்.

பாதுகாப்பு

வகுப்புச் சமையலறையில் நேரும் காயங்களில் முதன்மையானது நீராவிச் சுடுதல். பெரிய பாத்திரத்தை வடிக்கும்போது முகத்தைப் பின்னுக்கு வைத்து, பாத்திரத்தை உடலுக்கு எதிர்த்திசையில் சாய்க்க வேண்டும். வடிப்பவர் நகரும் வழியில் வேறு யாரும் நிற்கக் கூடாது. சுட்டுவிட்டால் உடனே குழாய்த் தண்ணீரில் 20 நிமிடம் பிடிக்க வேண்டும். மாவு, வெண்ணெய், பற்பசை எதையும் தடவக் கூடாது. தரையில் சிந்திய மாவு வழுக்கும் என்பதால் அவ்வப்போது துடைக்கச் சொல்லத் தயங்க வேண்டியதில்லை.

பச்சை முட்டை சால்மொனெல்லா கிருமியைச் சுமந்திருக்கலாம். முட்டையைத் தொட்ட கையைச் சோப்பிட்டுக் கழுவிய பின்னரே கைப்பேசியைத் தொட வேண்டும்; படம் எடுக்கும் ஆர்வத்தில் இவ்விதி அடிக்கடி மறக்கப்படுகிறது. பச்சை மாவைச் சுவைத்துப் பார்ப்பதையும் குழந்தைகளிடம் முன்கூட்டியே விலக்கிவிட வேண்டும். கருவுற்றவர்கள், முதியோர், நோய் எதிர்ப்பாற்றல் குறைந்தவர்கள் பச்சை முட்டை சேர்ந்த இனிப்பை மறுத்துவிடுவதே நல்லது.

உணவோடு மது பரிமாறப்படும் வகுப்புக்கு வாடகைக் காரில் செல்லக் கூடாது. இத்தாலியில் வாகனம் ஓட்டுபவரின் இரத்தத்தில் லிட்டருக்கு 0.5 கிராம் ஆல்கஹாலே சட்ட வரம்பு. உரிமம் பெற்று மூன்று ஆண்டு முடியாதவருக்கு அந்த அளவுகூட அனுமதி இல்லை. பொலோனியாவின் மையப்பகுதியில் வெளி வாகனங்களுக்குத் தடை உள்ள தெருக்கள் மிகுதி என்பதும் நடந்தோ பேருந்திலோ செல்வதற்குக் கூடுதல் காரணம். அவசர உதவிக்கு 112.

ஊர் திரும்பியபின்

வகுப்பில் செய்த பாஸ்தாவை விமானத்தில் கொண்டுவரக் கூடாது. முட்டை சேர்ந்த ஈர மாவு வெப்பத்தில் விரைவில் கெடும். மத்தரெல்லோ வாங்குபவர் அதைச் சரக்குப் பெட்டியிலேயே அனுப்ப வேண்டும் என்பதால், பெட்டியின் உள்நீளத்தை முன்கூட்டி அளந்து வைப்பது நல்லது. அது அடங்காவிட்டால், ஊரிலுள்ள தச்சரிடம் சொல்லி, நேரான, கணுவற்ற மரத்தில் 80 சென்டிமீட்டர் நீளமும் சுமார் 4 சென்டிமீட்டர் விட்டமும் கொண்ட கட்டையைக் கடைந்து வாங்கலாம். அதை வார்னிஷ் பூசாமல் வாங்க வேண்டும்.

வகுப்பு முடிந்த இரண்டு வாரத்துக்குள் வீட்டில் முதல் விரிப்பைத் தேய்த்துவிடுவது அவசியம். அதற்குள் கை கற்றது பெரும்பாலும் நினைவில் இருக்கும். தமிழ்நாட்டு அடுக்களையில் மூன்று மாற்றங்கள் தேவைப்படும்.

1. மாவு: ‘00’ மாவு கிடைக்காத இடத்தில் மைதாவே அதற்கு நெருங்கியது. உப்புமாவுக்கான ரவை பருமனாக இருப்பதால், தென்னித்தாலியத் துரும் மாவுக்கு அது மாற்றாகாது.
2. முட்டை: ஐரோப்பாவில் நடுத்தர முட்டை ஓட்டோடு 53 முதல் 63 கிராம் வரை இருக்கும், இங்கே கிடைப்பவை பெரும்பாலும் அதைவிடச் சிறியவை. எண்ணிக்கையை நம்பாமல், 100 கிராம் மாவுக்கு ஓடு நீக்கிய முட்டை 50 முதல் 55 கிராம் என்று எடைபோட்டுச் சேர்க்க வேண்டும். மழைக்காலத்தில் மாவு ஈரம் குடித்திருக்கும் என்பதால் குறைந்த அளவிலேயே தொடங்கலாம்.
3. காற்று: தேய்க்கும்போது மின்விசிறியை நிறுத்திவிட வேண்டும். விசிறிக் காற்றில் விரிப்பின் மேற்பக்கம் மட்டும் உலர்ந்து, கட்டையில் சுற்றும்போது நடுவில் விரிசல் விடும். வெட்டும் முன் உலர்த்துவதற்கு மட்டும் குறைந்த வேகத்தில் சில நிமிடம் ஓடவிடலாம்.

எஞ்சியதைப் பால்கனியில் உலர்த்தி டப்பாவில் அடைத்து வைப்பது கடலோர ஊர்களின் ஈரக் காற்றுக்கு ஏற்றதன்று; வெளியே உலர்ந்ததாகத் தோன்றினாலும் உள்ளே ஈரம் தங்கி, முட்டை கெட்டுவிடும். வெட்டிய கூடுகளை ஒன்றோடொன்று ஒட்டாமல் தட்டில் பரப்பி, உறைபெட்டியில் கெட்டியாகும் வரை வைத்து, பிறகு காற்றுப்புகாத பையில் போட்டு அங்கேயே சேமித்து, ஒரு மாதத்துக்குள் பயன்படுத்திவிட வேண்டும். வேகவைக்கும்போது அவற்றை இளக விடாமல் உறைந்தபடியே கொதிநீரில் போட்டு, வழக்கமான நேரத்தோடு ஒரு நிமிடம் கூட்டிக்கொண்டால் போதும்.